கினுயோ தனகாவை இயக்குநராகவும் காட்டுங்கள்

உலக சினிமா திரையிடும் திரைப்படச் சங்க நண்பர்களுக்கு,

வணக்கம். ஜப்பானியச் செவ்வியல் படங்கள் என்று நீங்கள் தயாரிக்கும் நிரல்களைப் பல ஆண்டுகளாகப் பார்த்து வருகிறேன். குரோசவா, ஓசு, மிசோகுச்சி, எப்போதாவது நருசே. நால்வரும் எனக்குப் பிரியமானவர்கள். உங்கள் திரையிடல்களில்தான் அவர்களைக் கண்டுகொண்டேன், அந்த நன்றி என்றைக்கும் உண்டு. ஆனால் ஒரு பெண் இயக்குநர்கூட அந்த வரிசையில் இல்லாதது உறுத்துகிறது.

இத்தனைக்கும் அப்படி ஒருவர், கினுயோ தனகா, நடிகையாக உங்கள் திரையில் ஏற்கெனவே இருக்கிறார். மிசோகுச்சியின் 'ஓஹாருவின் வாழ்க்கை'யில் ஓஹாரு, 'உகெட்சு'வில் குயவனின் மனைவி, 'சான்ஷோ'வில் பிள்ளைகளைப் பறிகொடுத்த தாய், எல்லாம் அவர்தான். 1909இல் ஷிமோனோசெகியில் பிறந்து, பதினான்கு வயதில் நடிக்க வந்தவர். 1949இல் நல்லெண்ணத் தூதராக அமெரிக்கா போய், திரும்பி வந்தபோது கறுப்புக் கண்ணாடி அணிந்து கூட்டத்தை நோக்கி முத்தங்களைப் பறக்கவிட்டார். அதற்காகப் பத்திரிகைகள் அவரைக் குதறி எடுத்தன. அப்புறம் சில ஆண்டுகளில், நாற்பத்து நான்கு வயதில், படம் இயக்கத் தொடங்கினார்.

அதற்கு முன் ஜப்பானில் கதைப்படம் இயக்கிய பெண் ஒருவரே, 1936இல் தசுகோ சகானே. போருக்குப் பின் அவருக்கும் இயக்கும் வாய்ப்பு கிடைக்கவில்லை. தனகாவோ நருசேவின் படப்பிடிப்பில் உடனிருந்து தொழில் கற்றுக்கொண்டார். முதல் படம் 'காதல் கடிதம்' (1953), திரைக்கதை இயக்குநர் கினோஷிதா. நாடு திரும்பிவிட்ட அமெரிக்கச் சிப்பாய்களுக்கு ஜப்பானியப் பெண்கள் சார்பில் ஆங்கிலத்தில் கடிதம் எழுதித் தரும், டோக்கியோவின் ஷிபுயா பகுதிக் கடையைச் சுற்றி நடக்கும் கதை. அடுத்த ஆண்டு கான் திரைப்பட விழாவின் போட்டிக்கே போனது. இரண்டாவது படத்துக்கு ஓசு தன் திரைக்கதையைத் தந்தார். இயக்குநர்கள் சங்கத் தலைவராக இருந்த மிசோகுச்சி, தனகா படம் இயக்குவதை எதிர்த்தார். அத்தனை படங்களில் அவருக்காக உயிரைக் கொடுத்து நடித்தவர் தனகா. அந்த எதிர்ப்பை நினைத்தால் இப்போதும் மனம் ஆறவில்லை. அந்தப் பிளவுக்குப் பின் இருவரும் சேர்ந்து படம் செய்யவே இல்லை.

நான் முக்கியமாகச் சொல்ல வந்தது மூன்றாவது படத்தைப் பற்றி. 1955இல் வந்தது, தலைப்பைத் தமிழில் 'முலைகளே, என்றும் நிலைத்திருங்கள்' என்று சொல்லலாம். மார்பகப் புற்றுநோயால் 1954இல், முப்பத்தொரு வயதில் இறந்த ஹொக்கைடோ கவிஞர் ஃபுமிகோ நகாஜோவின் கதை. எழுதியவரும் ஒரு பெண், சுமியே தனகா. கணவனைப் பிரிந்தவள், பிள்ளைகளின் தாய், தங்கா என்னும் ஜப்பானியக் குறுங்கவிதை எழுதுகிறவள், மார்பகங்களை இழந்தவள், சாகும்போதும் ஆசையை விடாதவள். இவ்வளவையும் ஒரே பெண்ணுக்குள் வைத்து, யாரையும் உச்சுக்கொட்ட விடாமல் எடுத்திருக்கிறார். தோழியின் வீட்டுக் குளியலறையில், தழும்பேறிய மார்பைத் தோழி பார்க்கும்படி ஃபுமிகோ செய்யும் காட்சி ஒன்று உண்டு. தோழியால் பார்க்க முடியவில்லை. அதே ஆண்டில், உலகில் வேறு எங்கேயாவது, இப்படி ஒரு காட்சியை யாராவது எடுத்திருப்பார்களா என்று யோசித்துப் பார்க்கிறேன், எனக்கு ஒன்றும் அகப்படவில்லை.

பிறகு 1960, 61, 62இல் இன்னும் மூன்று படங்கள். அத்தோடு சரி. நடிப்பைத் தொடர்ந்தார், 'சண்டகான் 8'க்காக 1975இல் பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கினார். 1977இல் இறந்தார்.

பிரதி கிடைக்காது என்ற காரணமும் இன்று இல்லை. ஆறு படங்களும் புதுப்பிக்கப்பட்டு, 2021இல் பிரான்சின் லியோன் நகரில் நடந்த லூமியேர் திரைப்பட விழாவில் முழுத் தொகுப்பாகவே காட்டப்பட்டன.

அடுத்த ஜப்பானிய வாரத்தில் ஆறையும் போடுங்கள். ஒன்றுக்குத்தான் இடம் என்றால் ஃபுமிகோவின் கதையைப் போடுங்கள், ஆட்கள் வேலை முடிந்து வந்து சேரும் மாலைக் காட்சியாக. அறிமுக உரையில் 'மிசோகுச்சியின் நடிகை' என்று தொடங்காமல், இயக்குநர் கினுயோ தனகா என்றே தொடங்குங்கள்.

அன்புடன்,
உங்கள் பழைய பார்வையாளர் ஒருவர்