பங்காளிகள் சேர்ந்து போட்ட வழக்கு: வாபஸ் வாங்கும் முன்

ஆசிரியருக்கு வணக்கம்.

கூட்டாகப் போட்ட வழக்கிலிருந்து ஒருவர் எப்போது வேண்டுமானாலும் விலகி, பிறகு தனியாக வழக்குப் போடலாம் என்று உங்கள் சட்டப் பகுதியில் வந்த பதில் பாதிதான் சரி. ஒரே வளவு வீட்டுக்குப் பத்துப் பதினைந்து பங்காளிகள் உள்ள எங்கள் செட்டிநாட்டில் அதை நம்பினால் பங்கே பறிபோகலாம்.

உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 23 விதி 1-ஐப் பாருங்கள். வாதிகள் பலர் என்றால், மற்றவர்கள் சம்மதமின்றி ஒருவர் மட்டும் விலக நீதிமன்றம் அனுமதிக்க உட்பிரிவு 5 இடம் தரவில்லை. சம்மதம் கிடைக்காதவர், தன்னைப் பிரதிவாதியாக மாற்றும்படி மனுப் போடலாம். சிங்கப்பூர், மலேசியாவில் உள்ள பங்காளிக்காகப் பவர் ஏஜென்ட் சம்மதம் தருகிறார் என்றால், வழக்கை வாபஸ் பெறும் அதிகாரம் பவரில் தெளிவாக எழுதப்பட்டிருக்க வேண்டும். வெளிநாட்டில் எழுதிய பவருக்கு, அது இந்தியா வந்த 3 மாதத்துக்குள் முத்திரைத்தீர்வையும் கட்டியிருக்க வேண்டும்.

எல்லாவற்றையும்விட ஆபத்து, ஒற்றை வரி மெமோ. "வழக்கை வாபஸ் பெறுகிறோம்" என்று மட்டும் எழுதிக் கொடுத்தால் "வாபஸ் பெற்றதால் தள்ளுபடி" என்று உத்தரவாகிவிடும். அதே விஷயத்துக்கு மறுபடி வழக்குப் போட உட்பிரிவு 4 தடை. அரசு நடவடிக்கையை எதிர்த்து ஐகோர்ட்டில் போடும் ரிட் மனுவுக்கும் இதே கதிதான் என்று உச்ச நீதிமன்றம் 1986-லேயே சொல்லிவிட்டது.

மறுபடி போடும் உரிமை வேண்டுமானால், அபிடவிட்டுடன் தனி மனுப் போட்டுக் காரணம் காட்ட வேண்டும். சர்வே எண் தப்பு, ஒரு பங்காளி பெயர் விட்டுப்போயிற்று என்று சொன்னால், "திருத்த மனுப் போட்டால் போதுமே" என்று கோர்ட் கேட்கும். திருத்தினாலும் ஏன் தீராது என்பதை மனுவிலேயே எழுதுங்கள். சாட்சி விசாரணை முடிந்து, கேஸ் பலவீனம் என்று தெரிந்த பிறகு கேட்டால் கிடைப்பது அரிது. இது வெறும் சடங்காகத் தரும் அனுமதியல்ல என்று தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கிலேயே 2000-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

உத்தரவு நகல் வந்ததும் கடைசி வரியைப் படியுங்கள். புதிய வழக்குத் தொடர அனுமதி என்ற சொற்கள் அதில் இருக்க வேண்டும். செலவுத்தொகை கட்டுவது நிபந்தனை என்றால், முதலில் அதைக் கட்டி ரசீது வாங்கிக்கொள்ளுங்கள்.

வெறும் பாகப்பிரிவினை வழக்கு என்றால் கொஞ்சம் ஆறுதல். சொத்து பொதுவில் இருக்கும்வரை பாகம் கேட்கும் உரிமையும் இருந்துகொண்டே இருக்கும்; அதனால் அனுமதி வாங்காமல் வாபஸ் ஆகியிருந்தாலும் மறுபடி கேட்க வழி உண்டு. யாருக்கு எவ்வளவு பங்கு என்று சொல்லும் முதல்நிலைத் தீர்ப்பாணை வந்துவிட்டால் மட்டும், மற்றவர் பங்கைக் கெடுக்கும்படி வாபஸ் வாங்க முடியாது.

மோசடிப் பத்திரத்தை ரத்து செய்யக் கேட்கும் வழக்கில்தான் பெரிய சிக்கல். அதற்குக் கெடு, விவரம் தெரிந்ததிலிருந்து 3 ஆண்டு. இரண்டாம் ஆண்டில் போட்ட வழக்கை ஐந்தாம் ஆண்டில் முறையான அனுமதியோடு வாபஸ் வாங்கினாலும் புது வழக்கு காலாவதிதான். முதல் வழக்கே போடாதது போலக் கெடுவைக் கணக்கிடு என்கிறது அதே கட்டளை 23-ன் விதி 2. நீதிமன்றத்துக்கு அதிகாரவரம்பு இல்லை என்பது போன்ற குறையால் வாபஸ் ஆகி, அதுவரை நல்லெண்ணத்தோடும் அக்கறையோடும் வழக்கை நடத்தியிருந்தால் மட்டுமே, காலவரையறைச் சட்டம் பிரிவு 14-ன்படி அந்த நாட்களைக் கழித்துக்கொள்ள முடியும்.

– வழக்கறிஞர் ஒருவர், தேவகோட்டை