ஏலப் பட்டியலில் பத்து மரச் சாமான்கள்

பேரூராட்சி மன்றத் தலைவர் அவர்களுக்கும் மன்ற உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

சென்ற வாரம் வீட்டு வரி கட்ட அலுவலகத்துக்கு வந்தபோது, அறிவிப்புப் பலகையில் ஒட்டியிருந்த ஏலப் பட்டியலைப் படித்தேன். துருப்பிடித்த குப்பை வண்டி, உடைந்த பிளாஸ்டிக் நாற்காலிகள், எரிந்துபோன மோட்டார் ஆகியவற்றுக்குக் கீழே, ஏழாவது இனமாக, 'பழுதடைந்த மரச் சாமான்கள், எண்ணம் 10' என்று ஒரு வரி இருந்தது. குளத்தங்கரைச் சிறுவர் பூங்காவில் நிற்கும் குதிரை ராட்டினத்தின் எட்டுக் குதிரைகளையும் இரண்டு யானைகளையுமே அந்த வரி குறிக்கிறது என்பது எழுத்தரிடம் கேட்ட பிறகுதான் எனக்குத் தெரிந்தது. அவற்றைக் கழற்றி விற்றுவிட்டு, அதே இடத்தில் மோட்டாரில் சுற்றும் பைபர் குதிரை ராட்டினம் ஒன்றை வாங்கி வைக்கப் போவதாகவும் அவர் சொன்னார். புதிய ராட்டினம் வருவதில் எனக்கு மறுப்பு இல்லை. பழையதை ஏலத்தில் விடாதீர்கள் என்று கேட்கவே இதை எழுதுகிறேன்.

அரசுத் தொழிற்பயிற்சி நிலையத்தில் மரவேலைப் பயிற்றுநராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். அதற்கு முன்பே, ஆசாரி குடும்பத்துப் பிள்ளை என்பதால், பள்ளி விடுமுறைகளில் என் தந்தையாருடன் சென்று இந்த ராட்டினத்துக்கு ஆப்பு அடித்தும் கால் ஒட்டியும் கொடுத்திருக்கிறேன். ஆகவே இங்கே நான் எழுதுவதில் ஏக்கம் கொஞ்சம் கலந்திருந்தாலும், பெரும்பகுதி கையால் தொட்டு அறிந்ததுதான்.

மன்றத்தில் இளையவர்கள் பலர் இருப்பதால் ராட்டினம் வந்த கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். இது தொடக்கத்தில் ஓரிடத்தில் நின்றதன்று. மார்கழியில் சுசீந்திரம் தேரோட்டம், மாசியில் மண்டைக்காட்டுக் கொடை, டிசம்பர் 3-ஆம் தேதியோடு முடியும் கோட்டாறு சவேரியார் கோயில் திருவிழா, தக்கலை பீரப்பா தர்காவின் ஆண்டு விழா என்று, எந்த மதத்தார் விழா என்று பாராமல், மாட்டு வண்டியில் ஏறி இறங்கிக்கொண்டே இருந்தது. என் தந்தையார் சிறுவனாக இருந்தபோது சுசீந்திரத்தில் இதன்மேல் ஏறியதாகச் சொல்வார். ராட்டினக்காரருக்கு வயதாகி, வண்டி கட்டி அலைய முடியாமல் போனபோது, குளத்தங்கரையில் பேரூராட்சி நிலத்தைக் குத்தகைக்கு எடுத்து, ஒரு சறுக்குமரம், நாலு ஊஞ்சல், ஒரு தொட்டில் ராட்டினம் ஆகியவற்றோடு இதையும் நிலையாக நட்டு, குடும்பமாகவே அந்தச் சிறு பூங்காவை நடத்தினார்கள். அம்மை சீட்டுக் கிழிப்பாள். மூத்த மகன் ராட்டினம் தள்ளுவான். இளையவன் கடலை வறுப்பான். பிள்ளைகள் வளைகுடாவுக்குப் போன பிறகு, விற்றுக் காசாக்காமல், சாமான்களோடு அப்படியே பேரூராட்சியிடம் ஒப்படைத்துவிட்டுப் போனார்கள். அவர்கள் கொடுத்ததைத்தான் இப்போது எண்ணம் 10 என்று எழுதி வைத்திருக்கிறோம்.

அந்தப் பத்தில் ஒன்றை மட்டும் அருகில் காட்டுகிறேன். வாசலிலிருந்து எண்ணினால் இரண்டாவதாக வரும் செம்மண் நிறக் குதிரை அது. உடல் குமிழ் மரம். எடை குறைவு, சீக்கிரம் கோணாது, உளிக்கு இணங்கும் என்பதால் செதுக்கு வேலைக்கு நம் பக்கத்து ஆசாரிகள் விரும்பி எடுக்கும் மரம். கால்கள் அயினி, வள்ளம் கட்டும் மரம், நனைந்து காய்ந்தாலும் தாங்கும். வால் பனந்தும்பு. இடப் பக்கத்தில் கழுத்து மணிகள் பதினொன்றும் தனித்தனியே உருட்டிச் செதுக்கப்பட்டிருக்கின்றன. சேணத்தின் ஓரத்தில் தாமரைக் கொடி ஓடுகிறது. கண்ணுக்கு இமை உண்டு. வலப் பக்கம் போய்ப் பார்த்தால் மணிகளே இல்லை. ஒரு கோடு, அவ்வளவுதான். சிறுவயதில் இதைக் கண்டு, செய்த ஆசாரிக்குக் கூலி பாக்கியாக இருந்திருக்கும் என்று நான் சொல்ல, தந்தையார் சிரித்துவிட்டு, "எலே மக்கா, உள்பக்கத்த யாரு பாக்கப் போறா?" என்றார். நம் ராட்டினம் கோயிலை வலம் வருவதுபோலச் சுற்றுவது. அப்படிச் சுற்றும்போது வேடிக்கை பார்ப்பவர்களுக்குத் தெரிவது குதிரையின் இடப் பக்கம் மட்டுமே.

பல ஆண்டுகள் கழித்து வெளிநாட்டு ராட்டினங்களைப் பற்றிப் படித்தபோது, அங்கும் இதே சிக்கனம்தான் என்று அறிந்து வியந்தேன். இங்கிலாந்தில் ராட்டினங்கள் நம்முடையதைப் போல வலமாகச் சுற்றுவதால் அந்நாட்டுக் குதிரைகளுக்கு இடப் பக்கத்திலும், அமெரிக்காவில் இடமாகச் சுற்றுவதால் அவற்றுக்கு வலப் பக்கத்திலும் அலங்காரத்தைக் குவித்திருக்கிறார்கள். கடலுக்கு அப்பால் இருந்த தச்சனும் உள்பக்கத்தில் உளியைச் சேமித்திருக்கிறான். ஒரு வேறுபாடும் உண்டு: அவர்கள் பலகைகளை ஒட்டிப் பெட்டிபோல் உள்கூடாக உடலைக் கட்டி அதன்மேல் செதுக்கினார்கள், நம்மவர் முழுக் கட்டையில் செதுக்கினார். அதனால்தான் நம் குதிரைகளின் வயிற்றில் நீளவாட்டில் வெடிப்பு விழுந்திருக்கிறது. முழுக் கட்டை காயும்போது இப்படிப் பிளப்பது இயல்பு. அது உளுப்பு அன்று. அதே மரத்தில் மெல்லிய ஆப்புத் துண்டு சீவி, வரியோடு வரி சேர்த்து ஒட்டினால் தீர்ந்துபோகும். ஒருமுறை யாரோ அந்த வெடிப்புக்குச் சிமெண்டு பூசி வைத்திருந்தார்கள். அதைக் கொத்தி எடுக்க எனக்கு இரண்டு நாளாயிற்று.

பழைய ராட்டினம் ஒன்றை ஊராட்சி அமைப்பு வைத்துக் காப்பது புதுமையான செயலன்று என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு சொல்ல வேண்டும். பிலடெல்பியா டொபாகன் என்ற நிறுவனம் 1905-இல் செய்த ராட்டினம் ஒன்று, அமெரிக்காவின் டென்வர் நகரத்துப் பொழுதுபோக்குப் பூங்காவில் இருந்தது. அந்தப் பூங்கா புதியது வாங்கியபோது, பழையதை 1928-இல் கிட் கார்சன் என்ற சிறிய விவசாய மாவட்டத்தின் நிர்வாகத்தார் 1,250 டாலருக்கு வாங்கித் தங்கள் சந்தைத் திடலில் நிறுத்தினார்கள். வீண்செலவு என்று ஊராரிடம் ஏச்சும் வாங்கினார்கள். குதிரை, சிங்கம், ஒட்டகம், ஒட்டகச்சிவிங்கி என 46 விலங்குகளும் இன்றும் முதலில் பூசிய வண்ணத்தோடு அங்கே சுற்றுகின்றன. அந்நாட்டு அரசு அதைத் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவித்திருக்கிறது. நீங்கள் வாங்கக்கூட வேண்டாம். கையில் இருப்பதை விற்காமல் இருந்தால் போதும்.

மாசசூசெட்ஸ் மாநிலத்துத் தீவு ஒன்றில், ஓக் பிளப்ஸ் என்ற ஊரில் உள்ள ராட்டினம் 1876-இல் செய்யப்பட்டது. அங்கே ஏலக்காரர்களைவிடப் பெரிய ஆபத்து வந்தது: பழம்பொருள் சேகரிப்பவர்கள் ஒவ்வொரு குதிரைக்கும் தனித்தனியே பெரிய விலை கொடுக்கத் தொடங்கியதால், எத்தனையோ ராட்டினங்கள் பிரிக்கப்பட்டு, குதிரைகள் வரவேற்பறை அலங்காரமாக நாலாபக்கமும் சிதறிப்போன காலம் அது. அந்தத் தீவின் பாதுகாப்பு அறக்கட்டளை 1986-இல் அதை முழுதாக வாங்கிக் காப்பாற்றியது. இதை நான் சும்மா சொல்லவில்லை. நம் ஏல அறிவிப்பு வந்த மறுநாளே, தங்கும் விடுதிகளுக்குப் பழைய தூண்களும் கதவுகளும் வாங்கிக் கொடுக்கும் தரகர் ஒருவர் பூங்காவுக்கு வந்து, குதிரைகளைப் படம் எடுத்துக்கொண்டு போயிருக்கிறார். நமக்குப் பழுதடைந்த சாமான் என்று தெரிவது அவருக்கு வேறு விதமாகத் தெரிந்திருக்கிறது.

நம் மாவட்டத்துக்குப் பழைய மரத்தின் மதிப்பைச் சொல்லித்தர வேண்டியதில்லை. பத்மநாபபுரம் அரண்மனையின் செதுக்கிய கூரையைக் காணச் செருப்பைக் கழற்றிவிட்டு வரிசையில் நிற்கிறோம். அந்த அரண்மனையை நம் மண்ணில் இருந்தும் கேரளத் தொல்லியல் துறைதான் பராமரிக்கிறது என்பதில் சிலருக்கு மனத்தாங்கல்கூட உண்டு. நம் பொறுப்பிலேயே உள்ள மரவேலையை எடைபோட்டு விற்றுவிட்டு அந்த மனத்தாங்கலைப் பேசுவது எனக்குச் சரியாகப் படவில்லை.

இனிப் பாதுகாப்பு. மன்றம் இந்த முடிவுக்கு வந்ததன் காரணம் அதுவே என்று கேள்விப்பட்டேன். அது நியாயமான காரணம். குழந்தைகள் ஏறும் ஒன்றில், பழையது என்பதற்காகச் சலுகை காட்ட முடியாது. ஆனால் ராட்டினத்தில் எது பழுது, எது நலம் என்று பிரித்துப் பார்க்காமல் முழுதையும் கழிப்பதில்தான் நான் மாறுபடுகிறேன். நடுத் தூணைத் தட்டிப் பார்த்தேன், கணீரென்று இருக்கிறது. தூணின் அடியில், பழைய வீட்டுக் கதவின் குடுமியைப் போல, கல்லில் சுழலும் இரும்பு முள் தேய்ந்துவிட்டது; ஆட்டம் வருவதற்கு அதுவே காரணம். குதிரைகளைத் தாங்கும் எட்டுக் கைகளில் இரண்டைக் கறையான் அரித்திருக்கிறது. அவற்றை மாற்றியே ஆக வேண்டும். கம்பிக் கொண்டிகளில் ஒன்றைக்கூட நம்பக் கூடாது. எல்லாவற்றையும் புதிதாக அடிக்க வேண்டும். நிறுத்துவதற்குத் தள்ளுகிற ஆளின் குதிகாலைத் தவிர வேறு ஏற்பாடு இல்லை என்பது என் தந்தையார் காலத்திலிருந்தே உள்ள குறை. குதிரைகளும் யானைகளும், வெடிப்பு நீங்கலாக, நன்றாக இருக்கின்றன. அதாவது, மாற்ற வேண்டிய எதுவும் ஏலப் பட்டியலில் இல்லை; பட்டியலில் உள்ள எதையும் மாற்ற வேண்டியதில்லை.

இப்படிப் பிரித்துப் பார்த்துச் செய்த வேலைக்குத் தமிழ்நாட்டிலேயே பெரிய முன்மாதிரி உண்டு. பல ஆண்டுகள் ஓடாமல் நின்ற திருவாரூர் ஆழித் தேர் 1970-இல் மீண்டும் ஓடியது. திருச்சி பெல் நிறுவனம் அதற்கு இரும்புச் சக்கரங்களும் அச்சும் ஹைட்ராலிக் பிரேக்கும் பொருத்திக் கொடுத்தது. பிரேக் இல்லை என்பதற்காகத் தேரின் சிற்பங்களை யாரும் ஏலம் விடவில்லை. நம்முடையது தேரின் முன் ஒரு பொம்மை. ஆகும் செலவும் அந்த அளவுக்குத்தான் இருக்கும். தேய்ந்த முள்ளுக்குப் பதில் பேரிங், தரையில் ஒரு கைப்பிடி பிரேக், இருக்கைக்கு இடுப்புப் பட்டை, சுற்றி ஒரு வேலி. வேலை முடிந்ததும் ஒவ்வொரு குதிரையிலும் இரண்டு பிள்ளைகளின் எடைக்கு மேலாகவே மணல் மூட்டை கட்டி, தகுதியுள்ள பொறியாளர் ஒருவர் முன்னிலையில் சுற்றிக் காட்டி, அவர் எழுத்தில் ஒப்புதல் தந்த பிறகு பிள்ளைகளை ஏற்றினால் போதும். அவர் கூடாது என்றால் நானும் கூடாது என்பேன்.

கூரையைப் பற்றியும் சொல்ல வேண்டும். இரண்டு பருவமழையும் பெய்கிற மாவட்டம் இது. ஆனி, ஆடிச் சாரலிலும் ஐப்பசி, கார்த்திகை அடைமழையிலும் ஒரு தகரக் குடையின் கீழ் மரம் எத்தனை ஆண்டு நிற்கும்? ஓக் பிளப்ஸ் ராட்டினம் கட்டடத்துக்குள் இருப்பதால்தான் இத்தனை காலம் தாங்கியிருக்கிறது. நாலு பக்கமும் திறந்த, சரிவு நீண்ட ஓட்டுக் கொட்டகை ஒன்று நமக்குப் போதும். அதற்குள் இதைப் பூட்டிக் காட்சிப்பொருளாக வைத்து, 'தொடாதே' என்று பலகை மாட்டும் யோசனை யாருக்கேனும் வந்தால் அதையும் எதிர்ப்பேன். சுற்றாத ராட்டினத்தில் கறையான்தான் ஏறும். வண்ணம் பூசும்போதும் பொறுமை வேண்டும். உப்புத்தாள் போட்டுத் தேய்த்து மரம் தெரியும்வரை சுரண்டிவிட்டு எனாமல் அடிப்பதே ஒப்பந்தக்காரர்களின் வழக்கம். செம்மண் நிறக் குதிரையின் காது மடிப்பில் அடை பெயர்ந்த இடத்தில் பச்சையும், அதன் அடியில் மஞ்சளும் தெரிகின்றன. முதல் வண்ணம் எதுவென்று பார்த்துக் குறித்துக்கொள்ளாமல் யாரும் அதன்மேல் கை வைக்க வேண்டாம்.

ஆகவே நான் கேட்பது இவ்வளவே. திங்கட்கிழமை நடக்கும் ஏலத்திலிருந்து ஏழாவது இனத்தை நீக்கி, அடுத்த மன்றக் கூட்டம்வரை ஒத்தி வையுங்கள். மரவேலைக்கு நான் கூலி வாங்க மாட்டேன். என்னிடம் படித்து இப்போது பட்டறை வைத்திருக்கும் இருவரும் உடன் வர இசைந்திருக்கிறார்கள். மாற்ற வேண்டிய இரண்டு கைகளுக்கும் முற்றிய அயினிப் பலகை என் வீட்டுப் பின்புறத்தில் நிழலில் காய்ந்து கிடக்கிறது. இரும்பு வேலைக்கும் கூரைக்கும் மட்டுமே பேரூராட்சி செலவிட வேண்டியிருக்கும். அதற்கும் ஊரில் கேட்டால் தருவதற்கு ஆள் இருக்கிறார்கள் என்பது விசாரித்த அளவில் எனக்குத் தெரிகிறது. பைபர் ராட்டினத்தைச் சறுக்குமரத்துக்கு மேற்கே காலியாகக் கிடக்கும் இடத்தில் நிறுத்தலாம். அளந்து பார்த்துவிட்டேன், இரண்டுக்கும் இடமிருக்கிறது.

சனிக்கிழமை காலை எட்டு மணிக்குப் பூங்காவில் இருப்பேன். தலைவர் அவர்களும் உறுப்பினர்களும் அரை மணி நேரம் ஒதுக்கி வந்தால், அடிமுள்ளையும் அரித்துப்போன இரண்டு கைகளையும் காட்டுகிறேன். செம்மண் நிறக் குதிரையை இறக்கி மர முக்காலியின்மேல் வைத்திருப்பேன். இரண்டு பக்கமும் பார்க்கலாம்.

இங்ஙனம்,
பணி நிறைவு பெற்ற மரவேலைப் பயிற்றுநர் ஒருவர்,
குளத்தங்கரைத் தெரு.