வலது காதின் மடலில்

அன்புள்ள நண்பனுக்கு,

உன் கடிதம் வந்து ஏழு மாதங்கள் ஆகிவிட்டன. பலமுறை பதில் எழுத உட்கார்ந்து, இரண்டு பத்திகளுக்குமேல் நகராமல் தாளை மடித்து வைத்துவிட்டேன். வேலை மிகுதி என்று சொன்னால் அது பொய். விசுவாசிகள் எல்லாரும் ஆசாரியர்கள், அதாவது ஜனத்துக்காகத் தேவன் முன் நிற்பவர்கள், என்றால் ஊழியனாகிய நான் எதற்கு என்று நீ கேட்டிருந்த கேள்விக்கு என்னிடம் விடை இல்லை. அதைத் தொடாமல் நலம் மட்டும் விசாரித்து எழுத மனம் ஒப்பவில்லை. இங்கே எல்லாரும் நலம். தங்கைக்கு உடம்பு தேறிவிட்டது. பெரியவன் வேலை மாறிவிட்டான். மற்றவற்றை நேரில் பேசுவோம்.

நம் வாத்தியாரின் மரணத்தைப் பற்றித் தொலைபேசியில் உனக்குச் சொன்ன இரண்டு வரிகளுக்குமேல் அன்று என்னால் பேச முடியவில்லை. அந்த இரவில் நடந்ததை முழுவதும் சொன்னால்தான் உன் கேள்விக்கு வர முடியும். நள்ளிரவு தாண்டி மூச்சு தடுமாறத் தொடங்கியதும் ஆயருக்குச் சொல்லி அனுப்பினோம். அவர் வந்து சேர விடிந்துவிடும் என்பது எல்லாருக்கும் தெரிந்திருந்தது. வாத்தியார் கண்ணைத் திறந்து, "எண்ணாகமம் ஆறு" என்றார். வாசிக்கச் சொல்கிறார் என்று எண்ணி அவருடைய வேதாகமத்தை எடுத்தேன். "வாசிக்காதே, சொல்" என்றார். நான் தயங்கினேன். மோசேயின் அண்ணனும் முதல் பிரதான ஆசாரியனுமான ஆரோனும் அவன் குமாரரும் இஸ்ரவேலர்மேல் கூறும்படி கட்டளையிடப்பட்ட ஆசீர்வாதம் அது. ஆராதனை முடிவில் ஆயர் கையை உயர்த்திக் கூறும்போது தலைகுனிந்து பெற்றுக்கொண்டே பழகியவன் நான். எபிரெயத்தில் அந்த மூன்று வாக்கியங்களும் மூன்று, ஐந்து, ஏழு என்று சொல்லெண்ணிக்கையில் வளர்ந்துகொண்டே போகும் என்று அவர் கரும்பலகையில் எழுதிக் காட்டியது உனக்கு நினைவிருக்கும். அவருடைய நெற்றியில் கையை வைத்து, "கர்த்தர் உன்னை ஆசீர்வதித்து, உன்னைக் காக்கக்கடவர்" என்று தொடங்கினேன். இரண்டாம் வாக்கியத்தில் குரல் உடைந்தது. எப்படியோ சமாதானம் என்ற சொல்வரை வந்து சேர்ந்தேன். அவர் "ஆமென்" என்றார். அதற்குப் பிறகு அவர் எதுவும் பேசவில்லை.

விடியற்காலையில் ஆயர் வந்தார். நான் செய்ததை மன்னிப்புக் கேட்பவனைப்போல அவரிடம் சொன்னேன். அவர் என் கையைப் பிடித்து, "நல்லது செய்தீர்கள்" என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போனார். அவர் வாசலைத் தாண்டிய அந்தக் கணத்தில், இரவு முழுவதும் என்னோடு கண்ணீர் இல்லாமல் உட்கார்ந்திருந்த வீட்டார் அத்தனைபேரும் அழத் தொடங்கினார்கள். அவர் இன்னும் ஒரு வார்த்தையும் பேசியிருக்கவில்லை. நான் கூறிய அதே ஆசீர்வாதத்தைத்தான் அவரும் பிறகு கூறினார். ஆயினும் அவர் வருகைக்காகத்தான் அந்த வீட்டின் துக்கம் காத்திருந்தது என்பதை என் கண்ணாலேயே பார்த்தேன்.

நீ எழுதியிருந்தாய்: "விசுவாசிகள் எல்லாரும் ஆசாரியர்கள் என்று நானே பிரசங்கிக்கிறேன். அப்படியானால் இந்த அங்கியை மாட்டிக்கொண்டு நான் ஏன் முன்னால் நிற்கிறேன்? அந்தக் குழந்தையின் அடக்கத்தில் என் கைகள் வெறுமையாக இருந்தன, என் வாயில் ஒரு சொல்லும் இல்லை." இந்த வரிகளை நான் எத்தனை முறை வாசித்தேன் என்று சொன்னால் நீ வருத்தப்படுவாய். ஊழியத்தை விட்டுவிடலாமா என்று நினைப்பதாகவும் எழுதியிருந்தாய். அதற்கு நான் ஏழு மாதம் வாய் திறக்காமல் இருந்தது பெரிய தவறு, என்னை மன்னித்துவிடு.

உன் கேள்வியின் முதற்பாதி புதியதன்று, தெரியுமா? அது கோராகின் கேள்வி! சபையார் எல்லாரும் பரிசுத்தமானவர்கள், கர்த்தர் அவர்கள் நடுவில் இருக்கிறார், பிறகு நீங்கள் ஏன் உங்களை உயர்த்துகிறீர்கள் என்று இருநூற்றைம்பது தலைவர்களோடு வந்து அவன் மோசேயையும் ஆரோனையும் கேட்டான். உன்னைக் கோராகு என்று அழைத்ததற்காக நீ சிரித்துக்கொண்டே கோபித்துக்கொள்வாய். ஆனால் அவன் சொன்ன வாக்கியம் பொய்யன்று என்பதைக் கவனி. ஆரோனுக்கு அங்கி தைக்கும்படி கட்டளை பிறப்பதற்கு முன்பே, சீனாய் மலையடிவாரத்தில், அந்த ஜனம் முழுவதையும் நோக்கி "நீங்கள் எனக்கு ஆசாரிய ராஜ்யமும் பரிசுத்த ஜாதியுமாய் இருப்பீர்கள்" என்று சொல்லப்பட்டிருக்கிறது. அது யாத்திராகமம் 19. ஆரோனின் அங்கி 28-இல்தான் வருகிறது. எல்லாரும் ஆசாரியர்கள் என்பது அப்போஸ்தலனாகிய பேதுரு தன் நிருபத்தில் புதிதாகக் கண்டுபிடித்ததன்று. பழைய வாக்குறுதியைத்தான் அவர் எடுத்துச் சபையின்மேல் வைக்கிறார். ஆக, ஜனம் முழுவதும் ஆசாரியராக இருப்பதும் அவர்கள் நடுவில் ஒருவன் பிரித்தெடுக்கப்படுவதும் தொடக்கத்திலிருந்தே சேர்ந்தே நிற்கின்றன; ஒன்று வந்ததால் மற்றொன்று தேவையற்றதாகிவிட்டது என்று சொல்ல இடமில்லை.

கோராகின் கதை அவனோடு முடிவதில்லை. அவன் கூட்டத்தார் மாண்டதற்காக மறுநாள் சபை முழுவதும் முறுமுறுக்கிறது, வாதை தொடங்குகிறது. அப்போது ஆரோன் தன் உரிமையை நிலைநாட்டப் பேசவில்லை. தூபகலசத்தை எடுத்துக்கொண்டு, தன்னைக் குற்றஞ்சாட்டிய அதே கூட்டத்தின் நடுவே ஓடுகிறான். "செத்தவர்களுக்கும் உயிரோடிருக்கிறவர்களுக்கும் நடுவே நின்றான்" என்று எழுதியிருக்கிறது. அதற்குள் 14,700 பேர் மாண்டுபோயிருந்தார்கள். ஆசாரியன் என்றால் யார் என்று என்னை யாராவது ஒரே வரியில் கேட்டால், நான் அந்த வரியைத்தான் காட்டுவேன். அன்று விடியலில் எங்கள் ஆயர் நின்ற இடமும் அதுதான். அந்தக் குழந்தையின் பெட்டிக்கும் அதன் தாய்க்கும் நடுவே நீ நின்ற இடமும் அதுதான்.

சொல் இல்லாமல் போனதைக் குறையாக எழுதியிருக்கிறாய். நாதாபும் அபியூவும் ஒரே நாளில் மாண்டபோது முதல் பிரதான ஆசாரியனான அவர்களுடைய தகப்பன் என்ன பேசினான்? "ஆரோன் பேசாதிருந்தான்." அவ்வளவுதான். வேதம் அதற்காக அவனைக் கடிந்துகொள்ளவில்லை. அந்தத் தாய்க்கு அன்று விளக்கம் சொல்லாமல் நின்றதற்காக உன்னை நான் அதிகமாக மதிக்கிறேன்.

இனி வெறுங்கைகள். ஆசாரியனைப் பிரதிஷ்டை பண்ணுவதைக் குறிக்க எபிரெயம் பயன்படுத்தும் வழக்கு, "கைகளை நிரப்புதல்" என்பது. லேவியராகமம் 8-இல் அது கண்ணெதிரே நடக்கிறது: மோசே ஆட்டின் கொழுப்பையும் அப்பங்களையும் எடுத்து ஆரோனின் உள்ளங்கைகளிலும் அவன் குமாரரின் உள்ளங்கைகளிலும் வைக்கிறார். அது கர்த்தருக்கு முன்பாக அசைவாட்டப்படுகிறது. பிறகு மோசே அவற்றை அவர்கள் கைகளிலிருந்து எடுத்துப் பலிபீடத்தில் தகனிக்கிறார். கைகள் மறுபடியும் வெறுமையாகின்றன. நிரம்பியிருந்த நேரத்திலும் அதில் இருந்தது அவர்களுடையதன்று. ஆகையால் உன் கை வெறுமையாக இருக்கிறதென்று நீ எழுதியபோது, உன் பிரதிஷ்டையைப் பற்றியே எழுதியிருக்கிறாய் என்று எனக்குத் தோன்றுகிறது.

இவையெல்லாம் எனக்கு முன்பே ஓரளவு தெரிந்தவைதாம். இந்தக் கடிதத்தை எழுத வைத்தது வேறொன்று. அடக்கம் முடிந்த இரவில் தூக்கம் வராமல் வாத்தியாருடைய வேதாகமத்தைப் புரட்டிக்கொண்டிருந்தேன். லேவியராகமம் 14, குஷ்டரோகியைச் சுத்திகரிக்கும் அதிகாரம். நாம் வேகமாகக் கடந்துபோகும் பக்கங்கள். பதினான்காம் வசனத்தின் ஓரத்தில் பென்சிலால் "8:23" என்று மட்டும் எழுதியிருந்தது. திருப்பிப் பார்த்தேன். ஆரோனைப் பிரதிஷ்டை பண்ணும்போது பலியின் இரத்தம் அவனுடைய வலது காதின் மடலிலும், வலதுகையின் பெருவிரலிலும், வலதுகாலின் பெருவிரலிலும் பூசப்படுகிறது. பாளயத்துக்குப் புறம்பே தள்ளி வைக்கப்பட்டு, சுகமாகித் திரும்பும் குஷ்டரோகிக்கும் அதே மூன்று இடங்களில் இரத்தம் பூசப்படுகிறது. அதன்மேல் எண்ணெயும் பூசப்பட்டு, மீதி எண்ணெய் அவன் தலையில் வார்க்கப்படுகிறது. ஆரோனின் தலையிலும் எண்ணெய் வார்க்கப்பட்டது. ஆரோன் ஏழு நாள் கூடாரவாசலில் தங்கி எட்டாம் நாளில் ஊழியத்தைத் தொடங்குகிறான். குஷ்டரோகி ஏழு நாள் தன் கூடாரத்துக்கு வெளியே தங்கி எட்டாம் நாளில் காணிக்கையோடு வருகிறான். நான் எழுந்து அறைக்குள் நடக்கத் தொடங்கிவிட்டேன். இத்தனை வருடம் வாசித்தும் இதை எப்படிக் காணாமல் போனேன்! ஜனத்தில் மிக உயர்ந்தவன் என்று நாம் நினைப்பவனும், எல்லாரும் கண்டு ஒதுங்குபவனும், ஒரே வாசல் வழியாக, ஒரே அடையாளத்தோடு உள்ளே கொண்டுவரப்படுகிறார்கள். அதே அதிகாரத்தின் தொடக்கத்தில் இன்னொன்றும் இருக்கிறது: குஷ்டரோகி உள்ளே வர முடியாதபடியால், ஆசாரியன் பாளயத்துக்குப் புறம்பே போய் அவனைப் பார்க்க வேண்டும்.

எபிரெயருக்கு எழுதிய நிருபம் இயேசுவைப் பிரதான ஆசாரியர் என்று அழைக்கும்போது எவ்வளவு துணிந்து பேசுகிறது என்பதும் அன்றிரவுதான் எனக்கு உறைத்தது. அவர் யூதா கோத்திரத்தார். நியாயப்பிரமாணத்தின்படி பலிபீடத்தண்டை நிற்க உரிமை இல்லாதவர். அதனால்தான் நிருபம் ஆரோனைத் தாண்டி, ஆபிரகாமுக்கு எதிரே அப்பமும் திராட்சரசமும் கொண்டுவந்த சாலேமின் ராஜாவாகிய மெல்கிசேதேக்கிடம் போகிறது. அந்த இயேசு குஷ்டரோகியைத் தொட்டுச் சுத்தமாக்கி, "ஆசாரியனுக்குக் காண்பி" என்று அனுப்புகிறார். பின்பு நகர வாசலுக்குப் புறம்பே பாடுபடுகிறார். ஆசரிப்புக் கூடாரத்தில் மேஜை உண்டு, குத்துவிளக்கு உண்டு, தூபபீடம் உண்டு. ஆசாரியன் உட்கார இருக்கை சொல்லப்படவில்லை. கிருபாசனம் என்று பெயர் பெற்ற ஒன்று உண்டு, அதில் மனிதன் உட்காருவதில்லை. ஆசாரியன் நாடோறும் நின்றுகொண்டே அதே பலிகளை மீண்டும் மீண்டும் செலுத்துகிறான். இவரோ ஒரே பலியைச் செலுத்தி உட்கார்ந்தார் என்று பத்தாம் அதிகாரம் சொல்கிறது. நீ முடிக்க வேண்டிய பலி என்று ஒன்று இனி இல்லை. உன் தோளிலிருந்து இறங்க வேண்டிய பாரம் இதுதான் என்று நினைக்கிறேன். நீ அவருக்குப் பதிலாக நிற்பவன் என்று எண்ணிக்கொண்டு இளைத்துப்போயிருக்கிறாய்.

நம் மொழியின் சொற்களைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். நாம் ஆசாரியன் என்கிறோம், கத்தோலிக்கர் குரு என்கிறார்கள். தமிழில் இரண்டுமே கற்பிப்பவனைக் குறிக்கும் சொற்கள். பலி செலுத்துபவன் என்ற பொருள் கிரேக்கச் சொல்லில் இருக்கும் அளவுக்கு நம் சொற்களில் இல்லை. ஆயினும், ஆசாரியனுடைய உதடுகள் அறிவைக் காக்க வேண்டும் என்று மல்கியா தீர்க்கதரிசி சொல்வதைப் பார்த்தால், நம் மொழிபெயர்ப்பாளர்கள் விட்டுவிட்ட பாதியைப்போலவே பிடித்துக்கொண்ட பாதியும் மெய்யானது. புதிய ஏற்பாடு சபையின் ஊழியர்களுக்குப் பலி செலுத்துபவன் என்ற அந்தப் பட்டத்தைக் கொடுப்பதில்லை. மூப்பர், கண்காணி என்றே அழைக்கிறது. ஆசாரியர் என்ற பெயரைக் கிறிஸ்துவுக்கும், அவரோடு முழுச் சபைக்கும் வைக்கிறது. 1520-இல் லூத்தர் ஞானஸ்நானம் பெற்ற எல்லாரும் ஆசாரியர்களே என்று எழுதியபோதும், ஊழியத்துக்கு ஒருவர் நியமிக்கப்பட வேண்டும் என்பதை விட்டுவிடவில்லை. 1964-இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் பொதுக் குருத்துவம், பணிக் குருத்துவம் என்று இரண்டையும் சொல்லி, அவை அளவில் மட்டுமல்ல, சாரத்திலேயே வேறுபட்டவை என்றும், இரண்டும் கிறிஸ்துவின் ஒரே குருத்துவத்தில் பங்கு பெறுபவை என்றும் அறிவித்தது. சாரத்தில் வேறுபாடு என்பதை நான் ஏற்கவில்லை. அந்த வாதத்தை நாம் வழக்கம்போல நடுராத்திரிவரை நடத்தலாம்.

எனக்குப் பிடிபட்டது சிறிய அளவுதான். ஆரோன் தன் மார்ப்பதக்கத்தில் பன்னிரண்டு கற்களில் இஸ்ரவேல் கோத்திரங்களின் பன்னிரண்டு பெயர்களை இருதயத்தின்மேல் சுமந்துகொண்டு உள்ளே போனான். தோள்களிலும் அதே பெயர்கள், ஒவ்வொரு பக்கம் ஆறாக. பரிசுத்த ஸ்தலத்துக்குள் தன் பெயரை மட்டும் எடுத்துக்கொண்டு போக அவனுக்கு அனுமதி இல்லை. வாத்தியாரின் நெற்றியில் கை வைத்த இரவில் நான் ஒரே ஒரு பெயரைச் சுமந்தேன். நீ இருநூறு குடும்பங்களைச் சுமக்கிறாய். அவர்கள் உன்னைப் பார்த்தவுடன் அழ முடிவது அதனால்தான். நாங்கள் ஒவ்வொருவரும் ஆசாரியர் என்பதை நாங்கள் மறந்துபோகும் நாட்களில் எங்களுக்கு நினைப்பூட்ட எங்கள் நடுவில் ஒருவன் அங்கியோடு நிற்க வேண்டியிருக்கிறது. பொற்கன்றுக்குட்டியை வார்த்த ஆரோனின் கைகள்தாம் பிறகு நிரப்பப்பட்ட கைகள் என்பதையும் மறந்துவிடாதே. தானும் பலவீனமுள்ளவனாக இருப்பதால்தான் ஆசாரியன் அறியாதவர்களுக்கும் வழிதப்பிப் போனவர்களுக்கும் இரங்க முடிகிறது என்று எபிரெயர் ஐந்தாம் அதிகாரம் சொல்கிறது.

இவ்வளவு எழுதிய பிறகும் நீ ஊழியத்தை விட்டுவிட முடிவு செய்தால், நான் உன்னோடு சண்டை போட மாட்டேன். ஆனால் முடிவெடுக்குமுன் ஒருமுறை இங்கே வா. அடுத்த மாத முதல் ஞாயிறு மாலை வாத்தியாருக்கு நினைவு ஆராதனை. அவர் உன்னைக் கேலி செய்வதற்கு இனி இல்லை என்று நினைக்கும்போது தொண்டை அடைக்கிறது. அண்ணனும் அக்காவும் வருகிறார்கள். பிரசங்கம் எங்கள் ஆயர் செய்வார். முடிவில் ஆசீர்வாதத்தை நீ கூற வேண்டும் என்று அவரிடம் பேசிவிட்டேன், அவருக்கும் சம்மதம். நான் முதல் வரிசையில் தலைகுனிந்து நிற்பேன்.

வாத்தியாருடைய வேதாகமத்தை வீட்டார் உனக்கென்று ஒதுக்கியிருக்கிறார்கள். அதைத் தபாலில் அனுப்ப மாட்டேன், நீ வந்து வாங்கிக்கொள். லேவியராகமத்தில் ஒரு தாளை அடையாளத்துக்கு வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
உன் பழைய பெஞ்சுத் தோழன்