பேனல் போடும் நியமன அலுவலர்களுக்கு: எங்களைக் கோர்ட்டுக்கு அனுப்பாதீர்கள்

தமிழ்நாடு அரசுத் துறைகளில் பதவி உயர்வுப் பட்டியல் (பேனல்) தயாரிக்கும் நியமன அலுவலர்களுக்கும், அந்தப் பைலைக் கையாளும் பிரிவுக் கண்காணிப்பாளர்களுக்கும் வணக்கம்.

"வேணும்னா கோர்ட்டுக்குப் போய்க்கோங்க." பேனலில் பெயர் விட்டுப்போச்சே என்று மனுவோடு வந்து நிற்கிறவரிடம் இதைச் சொல்லி அனுப்புவது நம் அலுவலகங்களில் ஊறிப்போய்விட்டது. எனக்கும் சொன்னார்கள். துறைத்தேர்வில் நான் தேறிய விவரம் பணிப்பதிவேட்டில் ஏறவே இல்லை, அதனால் தகுதியில்லாதவர் என்று பெயரை விட்டுவிட்டார்கள். தற்காலிகப் பட்டியல் சுற்றுக்கு வந்த ஒன்பதாம் நாளே தேர்வு முடிவு வெளியான டி.என்.பி.எஸ்.சி. புல்லட்டின் நகலை இணைத்து ஆட்சேபணை கொடுத்தேன். தபால் பிரிவில் சீல் போட்டு வாங்கிக்கொண்டார்கள், அதோடு சரி. அப்புறம் வந்தது இறுதிப் பட்டியல்தான், அதில் எனக்கு இளையவர்கள் மூன்று பேர் இருந்தார்கள்.

நாங்கள் வழக்குப் போட அவசரப்படுகிறோம் என்று நீங்கள் நினைக்கிறீர்கள். காத்திருந்தால் என்ன ஆகும் என்பதும் உங்களுக்குத் தெரியும். சதாசிவசாமி வழக்கு நம் மாநிலத்து வழக்குதான். இளையவருக்குப் பதவி உயர்வு கொடுத்ததை எதிர்க்கிறவர் ஆறு மாதத்தில், மிஞ்சிப்போனால் ஓராண்டுக்குள் வர வேண்டும் என்று 1974-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 14 ஆண்டு கழித்து வந்தவருக்கு அங்கே ஒன்றும் கிடைக்கவில்லை. இன்றைக்கும் எங்கள் மனுக்களுக்கு எதிராக அரசுத் தரப்பு எடுத்துக்காட்டும் தீர்ப்பு அது. நீங்கள் பதில் தராமல் தள்ளுகிற ஒவ்வொரு மாதமும் எங்கள் கணக்கில்தான் கழிகிறது.

சரி, உயர் நீதிமன்றம் போனேன். கிடைத்த உத்தரவு என்ன தெரியுமா? மனுதாரரின் கோரிக்கையைத் தகுதி அடிப்படையில் பரிசீலித்து 12 வாரத்துக்குள் ஆணை பிறப்பிக்க வேண்டும், அவ்வளவுதான். பரிசீலியுங்கள் என்றுதானே நானும் முதலில் மனு கொடுத்தேன்! அந்த 12 வாரமும் தாண்டி, அவமதிப்பு வழக்குக்கு வக்கீல் நோட்டீஸ் போன பிறகுதான் யாரோ என் பணிப்பதிவேட்டைத் திறந்து பார்த்தார்கள். பதவி உயர்வு முன்தேதியிட்டு வந்தது, நோஷனலாக, அதாவது ஏட்டளவில். இடைப்பட்ட காலத்துக்குச் சம்பள நிலுவை கிடையாது.

அதைவிட என்னைத் தின்றது வேறு. பட்டியலை எதிர்த்தால் அதில் இடம் பிடித்தவர்களையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்க்க வேண்டும். அவர்களில் ஒருவர் பதினொரு வருஷமாக என் பக்கத்து சீட்டில் இருந்தவர். கோர்ட் நோட்டீஸ் அலுவலக முகவரிக்கே வந்தது. கையெழுத்துப் போட்டு வாங்கி, நின்றபடியே படித்து, மடித்து டிராயரில் வைத்தார். சேர்ந்து சாப்பிடப் போகிற நேரம் வந்ததும் ஒரு பைலைப் பிரித்து வைத்துக்கொண்டு தலை நிமிராமல் உட்கார்ந்திருந்தார். அவர் ஒரு தப்பும் செய்யவில்லை, நானும் செய்யவில்லை.

எல்லா மனுவிலும் நியாயம் இருக்கிறது என்று நான் சொல்லவில்லை. பதவி உயர்வு யாருக்கும் அடிப்படை உரிமை கிடையாது. ஆனால் அதற்குப் பரிசீலிக்கப்படுவது உரிமை, அரசமைப்பின் 16-ஆவது பிரிவு தருவது. 17பி மெமோ (பெரிய தண்டனைக்கான ஒழுங்கு நடவடிக்கைக் குற்றச்சாட்டு) நிலுவையில் இருந்தால் நிறுத்தி வையுங்கள், ஆனால் எந்த மெமோவால் நிறுத்தினோம் என்று எழுதிக் கொடுங்கள், அந்த விசாரணையை வருஷக்கணக்கில் இழுக்காமல் முடியுங்கள். பணி மதிப்பீட்டு அறிக்கையில் என்ன எழுதினாலும் அதைச் சம்பந்தப்பட்டவருக்குக் காட்ட வேண்டும் என்று 2008-ல் தேவ் தத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 'மிக நன்று' கேட்கிற பதவிக்கு 'நன்று' என்ற ஒரு சொல் போதும், ஆளைக் கீழேயே நிறுத்திவிடும் என்பதுதான் அந்த வழக்கே.

காரணத்தை முதலிலேயே எழுதுவது உங்களுக்கும் நல்லது. உத்தரவில் இல்லாத காரணத்தைப் பிறகு கோர்ட்டில் போடும் எதிர்வாக்குமூலத்தில் கொண்டுவந்து நுழைக்க முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கிலேயே (1977) சொல்லியாயிற்று. அப்படியும் காரணம் எழுதாமல் பேனலை வெளியிடுகிறீர்கள், யாரோ இடைக்காலத் தடை வாங்குகிறார்கள், மொத்தப் பட்டியலும் நின்றுபோகிறது. இடங்கள் காலியாகக் கிடக்கின்றன, ஒருவரே கூடுதல் பொறுப்பாக இரண்டு சீட்டைப் பார்க்கிறார், பட்டியலில் பெயர் இருந்தும் அந்தப் பதவியில் ஒரு நாள்கூட உட்காராமல் ஓய்வு பெற்றுப் போகிறவர்களும் இருக்கிறார்கள்.

அடுத்த பேனலுக்கான பைல் இப்போது உங்கள் மேஜைக்கு வந்துகொண்டிருக்கும். ஆட்சேபணை மனுக்களைத் தனியாக எடுத்து, ஒவ்வொன்றையும் பணிப்பதிவேட்டோடு ஒப்பிட்டு, ஏற்கிறோம் அல்லது இன்ன விதிப்படி ஏற்க இயலாது என்று நாலு வரி எழுதி, மனு கொடுத்தவர் கையில் சேர்த்துவிட்டு, அதன் பிறகு பட்டியலில் கையெழுத்துப் போடுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் துறைகளில் ஒன்றில் இன்னும் பணியிலிருக்கும் ஒரு கண்காணிப்பாளர்