பிக்கப்பின் பின்பக்கம் உட்கார்ந்தால் ஒரு பட்டை சேர்ப்பது மட்டும் போதாது

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்கள் வாகனப் பக்கத்தில் பழைய பிக்கப் வண்டிகளைப் பராமரிப்பது பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். டயர், ஆயில், பேட்டரி எல்லாவற்றுக்கும் தாராளமாக இடம் கொடுத்துவிட்டு, லீஃப் ஸ்பிரிங்குக்கு, அதாவது பின் அச்சின் (ஆக்ஸில்) மேல் வண்டியைத் தாங்கும் வளைந்த இரும்புப் பட்டைகளின் கட்டுக்கு வந்ததும் "பின்பக்கம் தாழ்ந்துவிட்டால் கூடுதலாக ஒரு பட்டை சேர்த்துக்கொள்ளலாம்" என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்கள். அந்த வரியைப் படித்துவிட்டுச் சும்மா இருக்க முடியவில்லை. நானும் அதையேதான் செய்தேன். செய்த எட்டாவது மாதம் மெயின் பட்டை, அதாவது கட்டின் மேலே இருக்கும் நீளமான பட்டை, உடைந்து வழியில் நின்றேன்.

நடந்ததைச் சொல்கிறேன். வண்டி பின்னால் நன்றாக உட்கார்ந்திருந்தது. ஒரு பட்டறையில் காட்டினேன். ஒரு பட்டையைக் கூடுதலாக நுழைத்து, கட்டை ஆக்ஸிலோடு இறுக்கிப் பிடிக்கும் பழைய யூ போல்ட்டையே திரும்ப முறுக்கிக் கொடுத்தார்கள். வண்டி எழும்பி நின்றது, எனக்கும் சந்தோஷம். எட்டு மாதம் கழித்து லோடோடு ஒரு பள்ளத்தில் மெதுவாக இறங்கும்போது "டங்" என்று ஒரே ஒரு சத்தம். இறங்கிப் பார்த்தால் ஒரு பக்கப் பின்சக்கரம் வீல் ஆர்ச்சின் (சக்கரத்துக்கு மேல் பாடியில் இருக்கும் வளைவு) நடுவில் இல்லை, இரண்டு விரல் பின்னால் தள்ளி நிற்கிறது. உடைந்த பட்டையைக் கழற்றிக் கையில் வாங்கியபோதுதான் விஷயம் புரிந்தது. உடைந்த முகத்தில் முக்கால்வாசி துருப்பிடித்துப் பழுப்பாக இருந்தது, மீதிக் கால்வாசி மட்டும் புதிதாக உடைந்த இரும்புக்கே உரிய பளபளப்போடு சாம்பல் நிறத்தில் இருந்தது. பழுப்பு என்பது காற்றும் தண்ணீரும் ரொம்ப நாளாக உள்ளே போய் வந்த இடம். அதாவது கூடுதல் பட்டை போட்டபோதே விரிசல் உள்ளே இருந்திருக்கிறது. யாரும் பார்க்கவில்லை, நானும் பார்க்கச் சொல்லவில்லை. வண்டியின் உயரம் கூடியதும் பழுது மறைந்துவிட்டது, அவ்வளவுதான்.

பட்டை தாழ்வதும் உடைவதும் வேறு வேறு விஷயம் என்று பலர் நினைக்கிறார்கள். இரண்டுக்கும் வேர் ஒன்றுதான். வளைந்திருக்கும் பட்டை ஒவ்வொரு மேடு பள்ளத்திலும் நிமிர்ந்து நிமிர்ந்து திரும்புகிறது, நிமிரும்போது அதன் மேல்முகம் இழுபடுகிறது. அந்த முகத்தில் ஒரு கீறலோ துரு அரித்த சின்னக் குழியோ இருந்தால் விரிசல் அங்கேதான் பிறக்கும். மெயின் பட்டைக்குக் கீழே இருக்கும் எல்லாப் பட்டைகளின் மேல்முகமும் அடுத்த பட்டைக்கு அடியில் மறைந்திருப்பதால் விரிசல் ஆரம்பிப்பது கண்ணுக்குத் தெரியாது. பக்கவாட்டு விளிம்பைக் கம்பி பிரஷ்ஷால் தேய்த்து, டார்ச் அடித்துப் பார்த்தால் மட்டும் மெல்லிய கோடாகத் தெரியும், சில சமயம் அந்தக் கோட்டிலிருந்து துருப்பொடி கசிந்திருக்கும். முக்கியமாகப் பார்க்க வேண்டிய இடங்கள், எல்லாப் பட்டைகளையும் கோக்கும் சென்டர் போல்ட்டின் ஓட்டை இருக்கும் நடுப்பகுதியும், மெயின் பட்டையின் இரண்டு கோடியில் வளையமாகச் சுருட்டிய கண்ணும்.

அதற்கு முன்னால் அளக்க வேண்டும். சமதளத்தில், டயர் காற்று நான்கிலும் சரியாக வைத்து, வண்டி காலியாக இருக்கும்போது, சக்கரத்தின் நடுவிலிருந்து நேர் மேலே வீல் ஆர்ச்சின் விளிம்பு வரை டேப் வைத்து இரண்டு பக்கமும் எழுதிக்கொள்ளுங்கள். ஒரு பக்கம் மட்டும் தெளிவாகத் தாழ்ந்திருந்தால் அந்தப் பக்கம் ஒரு பட்டை உடைந்திருக்கலாம். இரண்டும் ஒரே மாதிரி தாழ்ந்திருந்தால் களைப்பு. ஆக்ஸில் அளவுக்கு மீறி மேலே வராமல் தடுக்கும் பம்ப் ஸ்டாப் ரப்பரையும் அது வந்து இடிக்கும் இடத்தையும் பாருங்கள், அங்கே பெயின்ட் தேய்ந்து பளபளவென்று இருந்தால் பட்டை தன் வேலையைச் செய்யவில்லை, ரப்பர்தான் லோடைத் தாங்கிக்கொண்டிருக்கிறது. இரவில் எதிரே வருகிறவர் எல்லோரும் லைட்டை டிம் பண்ணச் சொல்லிக் காட்டினால் அதுவும் இதே நோயின் அறிகுறிதான், பின்பக்கம் தாழத் தாழ முகப்பு விளக்கு மேலே பார்க்கும்.

சரி, கூடுதல் பட்டை எப்போதுமே தப்பா என்றால், இல்லை. இருக்கிற கட்டு ஆரோக்கியமாக இருந்து, சுமை மட்டும் கொஞ்சம் கூடியிருக்கிறது, அந்தக் கட்டுக்கென்றே வளைவும் நீளமும் பார்த்துச் செய்த பட்டை கிடைக்கிறது என்றால் தாராளமாகப் போடலாம். தளர்ந்து போன கட்டில் போடுவதுதான் தப்பு. புதுப் பட்டை தன் வளைவால் பழையவற்றை மேலே தள்ளிப் பிடிக்கிறதே தவிர அவற்றின் களைப்பைப் போக்குவதில்லை. அதிலும் சேர்க்கிற பட்டை குட்டையாக இருந்தால் அதன் நுனி முட்டுகிற இடத்தில் மேல்பட்டை மீது அழுத்தம் குவிந்துவிடும். என் பட்டை அங்கே உடையவில்லை, சென்டர் ஓட்டையில் உடைந்தது, ஆனால் நுனி அழுத்திய தடம் ஒரு மில்லிமீட்டர் பள்ளமாக விழுந்திருந்ததை விரலால் தடவிப் பார்த்தேன். இன்னொன்று, பாரபோலிக் என்று சொல்கிற, நடுவில் தடித்து நுனியில் மெலிந்த, இரண்டு மூன்றே பட்டை உள்ள கட்டுகளில் பட்டைகளுக்கு இடையே இடைவெளி இருப்பதுதான் இயல்பு. அதைப் பார்த்துவிட்டு லூசாகிவிட்டது என்று நடுவில் எதையும் நுழைத்துவிட வேண்டாம்.

அப்படியானால் புதுக் கட்டு எது வாங்குவது? இங்கேதான் ஆட்கள் அதிகம் ஏமாறுகிறார்கள், "ஹெவி டியூட்டி" என்ற வார்த்தைக்கு மயங்கி. முதலில் உங்கள் வண்டி தினமும் என்ன சுமக்கிறது என்று பாருங்கள். எப்போதாவது ஏற்றும் அதிகபட்ச லோடைக் கணக்கில் எடுத்தால் தப்பான பட்டைக்குப் போய்விடுவீர்கள். எடை மேடையில் பின்சக்கரங்கள் மட்டும் நிற்கும்படி ஏற்றி, வழக்கமான லோடோடு ஒரு தடவை, காலியாக ஒரு தடவை எடை போட்டால் பின் ஆக்ஸிலில் எவ்வளவு இறங்குகிறது என்று கையில் கணக்கு வந்துவிடும். நிரந்தரமாகவே கருவிப் பெட்டி, கூண்டு, ஏணிச் சட்டம் என்று வைத்திருப்பவர்கள் அந்த எடையையும் சேர்த்துத்தான் பட்டை கேட்க வேண்டும். அவர்களுக்கு ஸ்டாண்டர்டு பட்டை எப்போதும் பாதி உட்கார்ந்தேதான் இருக்கும். மாதத்தில் இரண்டு நாள் மட்டும் நிறைய லோடு, மற்ற நாளெல்லாம் காலி என்பவர்களுக்கு என் யோசனை ஸ்டாண்டர்டு கட்டும், சுமை ஏறினால் மட்டும் தொடுகிற ஹெல்பர் பட்டையும்தான். கனமான கட்டைப் போட்டுவிட்டுக் காலியாக ஓட்டினால் பின்பக்கம் தூக்கித் தூக்கிப் போடும், ஈரச் சாலையில் பின்சக்கரம் பிடிப்பை விட்டுவிடும்.

விறைப்பு என்பது வளைவில் இல்லை, தடிமனில் இருக்கிறது. இதை மட்டும் அழுத்திச் சொல்ல வேண்டும். நிறைய வளைந்த பட்டை உயரம் தரும், ஆனால் அது கூடுதல் சுமை தாங்கும் என்று அர்த்தமில்லை. பட்டையின் விறைப்பு தடிமனின் மும்மடிக்கு (தடிமன் × தடிமன் × தடிமன்) ஏற்பக் கூடும். 7 மில்லிமீட்டர் பட்டைக்குப் பதிலாக அதே நீள அகலத்தில் 8 மில்லிமீட்டர் போட்டால், கண்ணுக்கு ஒரே மாதிரிதான் தெரியும், ஆனால் விறைப்பு ஏறக்குறைய ஒன்றரை மடங்கு ஆகிவிடும். அதனால் கடையில் பட்டைகளின் எண்ணிக்கையை மட்டும் கேட்காமல் ஒவ்வொன்றின் தடிமன், அகலம், கண்ணிலிருந்து சென்டர் போல்ட் வரை இரண்டு பக்க நீளம், கண்ணுக்குள் இருக்கும் ரப்பர் புஷ்ஷின் அளவு எல்லாம் கேளுங்கள். பல வண்டிகளில் சென்டர் போல்ட் பெயருக்குத்தான் சென்டர், முன்பாதியும் பின்பாதியும் ஒரே நீளம் இருக்காது. திருப்பி மாட்டினால் ஆக்ஸிலே இடம் மாறிவிடும்.

எவ்வளவு வலுவான பட்டை போட்டாலும் வண்டிக்கு அனுமதித்த எடை ஒரு கிலோகூட அதிகமாகிவிடாது. ஆக்ஸில், பேரிங், டயர், பிரேக், சேஸிஸ் எல்லாம் பழையதுதானே. பிரேக்கில் இன்னொரு விஷயம் இருக்கிறது, இதை யாரும் எழுதுவதே இல்லை. பல பிக்கப்களில் சேஸிஸில் ஒரு வால்வு, அதிலிருந்து பின் ஆக்ஸிலுக்கு ஒரு கம்பி இருக்கும். பின்பக்கம் எவ்வளவு தாழ்ந்திருக்கிறது என்பதை வைத்து அது பின்பிரேக்குக்குப் போகும் அழுத்தத்தைக் கூட்டிக் குறைக்கிறது. உயரமான, விறைப்பான பட்டை போட்டதும் வண்டி தாழாது, லோடு இருந்தும் காலி என்றே வால்வு எடுத்துக்கொண்டு பின்பிரேக்கைக் குறைத்துவிடும். தளர்ந்த பட்டையில் இதற்கு நேர்மாறு, காலி வண்டியில் பின்சக்கரம் பூட்டிக்கொண்டு வழுக்கும். பட்டை மாற்றினால் அந்தக் கம்பியின் அளவைச் சரிபார்க்காமல் வண்டியை வெளியே எடுக்கக் கூடாது.

பழைய பட்டையையே அடித்து வளைத்துக் கொடுப்பவர்களும் உண்டு. முறையாகச் சூடேற்றி, எண்ணெயில் குளிரவைத்து, மறுபடி மிதமான சூட்டில் டெம்பர் (ஸ்பிரிங்குக்கு வேண்டிய உறுதி) ஏற்றிக் கொடுக்கும் இடமாக இருந்தால் பரவாயில்லை. பச்சையாக அடித்து வளைத்தது சீக்கிரமே பழையபடி உட்கார்ந்துவிடும். கேஸ் கட்டரால் ஒரு இடத்தை மட்டும் சிவக்கக் காய்ச்சி வளைப்பதும், உடைந்த பட்டையை வெல்டிங் வைப்பதும் கூடவே கூடாது. அந்த இடத்தில் டெம்பர் போய்விடும், அடுத்த உடைப்பு அங்கேயே வரும்.

மாற்றும் வேலைக்கு வருகிறேன். இரண்டு பக்கமும் சேர்த்தே மாற்றுங்கள், ஆனால் ஒரு நேரத்தில் ஒரு பக்கம் மட்டும் கழற்றுங்கள், மறுபக்கம் ஆக்ஸிலைப் பிடித்துக்கொண்டிருக்கும். முன்சக்கரத்துக்குக் கட்டை கொடுத்து, சேஸிஸுக்கு அடியில் ஸ்டாண்டு வைத்து, ஆக்ஸிலைத் தனி ஜாக்கியில் தாங்க வேண்டும், வெறும் ஜாக்கியை நம்பி யாரும் வண்டிக்கு அடியில் போக வேண்டாம். ஆக்ஸில் தொங்கினால் பிரேக் ஹோஸ் இழுபடும், அதையும் கவனிக்க வேண்டும். பட்டையின் ஒரு கோடியைச் சேஸிஸோடு இணைக்கும் ஷாக்கிளின் போல்ட் துருப்பிடித்து இறுகியிருக்கும், முதல் நாளே துரு நீக்கும் எண்ணெய் அடித்து ஊறவிட்டால் மறுநாள் பாதி வேலை மிச்சம். பட்டைக் கட்டைப் பிரிக்க வேண்டி வந்தால் பட்டைகளை கிளாம்ப் போட்டுப் பிடித்த பிறகே சென்டர் போல்ட்டைக் கழற்ற வேண்டும், இல்லாவிட்டால் தெறித்துவிடும்.

யூ போல்ட் புதிதாகத்தான் போட வேண்டும், இதில் மிச்சம் பிடிக்கக் கூடாது. ஒரு தடவை முறுக்கிய யூ போல்ட் நீண்டுவிடுகிறது, மறுபடி முறுக்கினால் அதே பிடி வராது. ஆக்ஸிலையும் பட்டையையும் சேர்த்து இறுக்கிப் பிடிப்பது யூ போல்ட்தான், சென்டர் போல்ட் இடத்தைக் காட்டுவதோடு சரி. யூ போல்ட் தளர்ந்தால் பட்டையின் நடுப்பகுதி அசைய ஆரம்பிக்கும், ஓட்டை இருப்பதால் ஏற்கனவே பலம் குறைந்த அந்த இடத்தில் உடையும். என் வண்டியில் விரிசல் முன்பே இருந்தது உண்மை, ஆனாலும் பழைய யூ போல்ட்டால் அது சீக்கிரம் முடிவுக்கு வந்தது என்றுதான் நினைக்கிறேன். நான்கு நட்டையும் குறுக்கு மறுக்காக, கொஞ்சம் கொஞ்சமாக, தயாரிப்பாளர் சொன்ன அளவுக்கு டார்க் ரெஞ்ச் (முறுக்கும் அளவைக் காட்டும் ஸ்பேனர்) வைத்து முறுக்க வேண்டும். நான் இப்போது முதல் 100 கிலோமீட்டரிலும், அப்புறம் 500 ஓடிய பிறகும் மறுபடி முறுக்கிப் பார்க்கிறேன். முதல் தடவையிலேயே கால் சுற்று இறங்கியது.

கண்களில் இருக்கும் ரப்பர் புஷ் பற்றிப் பட்டறைகளில்கூடப் பலருக்குத் தெரிவதில்லை. அந்தப் போல்ட்டை இறுக்கினால் புஷ்ஷின் உள்குழாய் அசையாமல் நின்றுவிடும், பட்டை அசையும்போது ரப்பர்தான் முறுகிக் கொடுக்கும். ஆக்ஸில் தொங்கிக்கொண்டிருக்கும்போதே இறுக்கிவிட்டால், வண்டியை இறக்கியதும் ரப்பர் முறுக்கிய நிலையிலேயே நிரந்தரமாக இருக்கும், சில மாதத்தில் கிழிந்து கிரீச் கிரீச் என்று சத்தம் போடும். போல்ட்டை மாட்டி, நட்டைக் கையால் மட்டும் திருகி, வண்டியைத் தரையில் இறக்கி, இரண்டு மூன்று தடவை பின்பக்கத்தை அழுத்திவிட்டு, அப்புறம்தான் கடைசி இறுக்கு. ஐந்து நிமிடம் அதிகம் ஆகும், அவ்வளவுதான்.

இதெல்லாம் பழைய, பராமரிக்காத வண்டிக்குத்தான் என்று தள்ளிவிட முடியாது. அமெரிக்காவில் 2014இல் டொயோட்டா நிறுவனம் 2005 முதல் 2011 வரையிலான டகோமா பிக்கப்களில் சுமார் 6,90,000 வண்டிகளைப் பின் லீஃப் ஸ்பிரிங்குக்காகவே திரும்ப அழைத்தது. அழுத்தமும் துருவும் சேர்ந்து பட்டை உடையலாம், உடைந்த துண்டு நகர்ந்து எரிபொருள் டேங்க் உட்பட அருகிலுள்ள பாகங்களை இடிக்கலாம் என்பதுதான் காரணம்.

அந்த ஒரு வரிக்குப் பதிலாக உங்கள் வாகனப் பக்கத்தில் பட்டையைப் பற்றி முழுதாக ஒரு கட்டுரை போடுங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். குறைந்தது யூ போல்ட், பிரேக் வால்வு, புஷ் இந்த மூன்றுமாவது அதில் இருக்கட்டும். என் வண்டியின் உடைந்த பட்டையை இன்னும் தூக்கிப் போடவில்லை. படம் வேண்டுமானால் அனுப்புகிறேன், எதுவரை பழைய விரிசல், எதுவரை புதிய உடைப்பு என்பது அதில் நன்றாகத் தெரிகிறது.

இப்படிக்கு,
பிக்கப் ஓட்டும் ஒரு வாசகர்