மலசலகூடத்தின் பூட்டைத் திறந்து விடுங்கள்

பஸ் சேவைக்கும் பஸ் நிலையங்களுக்கும் பொறுப்பான ஐயாமாருக்கு,

வணக்கம். முல்லைத்தீவிலிருந்து வவுனியாவுக்குப் போகிறவர்கள் படும் பாடு உங்களுக்குத் தெரியாததல்ல, எத்தனையோ தடவை வாயால் சொல்லியாயிற்று.

போன செவ்வாய்க்கிழமை அம்மாவைக் கிளினிக்குக்குக் கூட்டிப்போனேன். 68 வயது, பல வருடமாகச் சலரோகம். ஒட்டுசுட்டான் தாண்டியதுமே என் கையைப் பிடித்து, "பிள்ளை, சலம் முட்டுது" என்றார். "கொஞ்சம் பொறுங்கோ அக்கா, அடுத்த ஸ்டாண்டில நிப்பாட்டுவம்" என்றார் கொண்டக்டர் தம்பி. சொன்னபடி நிப்பாட்டினார். ஆனால் அங்கே மலசலகூடக் கதவில் பூட்டு. திறப்பு யாரிடம் என்று கேட்டால் ஆளை ஆள் காட்டுகிறார்கள். அந்தக் கதவடியில் நின்றபடியே அம்மாவின் சீலை நனைந்துவிட்டது.

இது அவரின் பிழையில்லை, ஐயா. சலப்பையில் 200 மில்லிலீற்றர் அளவு சேரும்போதே அதன் சுவர் இழுபட்டு மூளைக்குச் சொல்லிவிடும், 400, 500 ஆனால் வேறு எதையும் நினைக்க விடாது. சலப்பையின் வாயில் உள்ளே இருக்கும் தசை எங்கள் சொல்லைக் கேட்காது, வெளியே இருக்கிறதைத்தான் இறுக்கிப் பிடிக்கலாம், பிள்ளை பெற்ற உடம்பில் அந்தப் பிடியும் தளர்ந்திருக்கும். சீனி கூடினால் சலமும் கூடும். மலசலகூடக் கதவைக் கண்டவுடன் முட்டு இன்னும் கூடும், மூளை "இனி விடலாம்" என்று நினைத்துவிடுகிறது. அந்த நேரம் பார்த்துப் பூட்டைக் காட்டினால் யாரால் அடக்க முடியும்?

ஒருவர் "பற்றைக்குள்ள போங்கோ" என்றார். மிதிவெடிக்குப் பயந்து ரோட்டுக் கரையை விட்டு இறங்காதே என்று சொல்லிச் சொல்லி எங்களை வளர்த்ததே அம்மாதான். அதை விட்டாலும், ஒரு வயதான பெண்ணிடம் சொல்கிற கதையா இது?

அன்றிலிருந்து அம்மா வெளிக்கிடுகிற நாளில் முதல் நாள் இரவே தண்ணீரை நிறுத்திவிடுகிறார். இந்த வன்னி வெயிலில், சலரோகத்தோடு! சிறுநீரகம் கவனம், தண்ணீர் குடியுங்கள் என்று டொக்டர் சொல்கிறார், குடித்தால் போக இடமில்லை. எங்கள் ஊரில் ரீச்சர்மாரும் இப்படித்தான் காய்ந்த தொண்டையோடு பஸ் ஏறுகிறார்கள். காப்பெற் ரோட்டுப் போட்டீர்கள், நல்லது, ஆனால் அதில் போகிறவர்களுக்கும் உடம்பென்று ஒன்று இருக்கிறதே.

கோபத்தில் கூடக் கதைத்திருந்தால் மன்னியுங்கள். கேட்பது இவ்வளவுதான்: பஸ் ஓடுகிற நேரம் முழுக்க அந்தப் பூட்டைத் திறந்து வையுங்கள், திறப்புக்கு ஒரு ஆளைப் பொறுப்பாக்குங்கள், வழியில் ஐந்து நிமிடம் நிப்பாட்டச் சொல்லுங்கள். அம்மாவுக்கு அடுத்த கிளினிக் வருகிற மாதம். அதற்கு முன் தயவுசெய்து திறந்து விடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு மகள், முல்லைத்தீவு