சும்மா பார்த்தால் போதுமா?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

சென்ற ஞாயிறு இணைப்பில் பஞ்சாலைகளைப் பற்றிய கட்டுரை படித்தேன். 'இன்றைய மில் தொழிலாளி மெஷினைச் சும்மா பார்த்துக்கொண்டிருந்தால் போதும்' என்று ஒரு வரி. எழுதியவர் எந்த மில்லில் எத்தனை மணி நேரம் சும்மா நின்றார் என்று தெரிந்துகொள்ள ஆசை.

கோவையில் 31 வருடம் ஸ்பின்னிங்கில் சைடராக, அதாவது நூற்கும் மெஷினின் ஒரு பக்கத்தைப் பார்த்து அறுந்த நூலை ஒட்டுபவனாக, இருந்தவன் நான். நூல் அறுந்தால் அது சுற்றும் கதிரான ஸ்பிண்டிலை நிறுத்தி, நுனியைத் தேடி எடுத்து, டிராவலர் என்ற குட்டிக் கொக்கியில் மாட்டி, முன் ரோலருக்குக் காட்டி ஒட்ட வேண்டும். நிமிர்ந்தால் நாலு ஸ்பிண்டில் தள்ளி இன்னொன்று அறுந்திருக்கும். எட்டு மணி நேரமும் இதேதான். சலிப்புதான், மறுக்கவில்லை. ஆனால் பாபினில் நூல் நிறைந்ததும், அதைக் கழற்றி வெறும் பாபின் மாட்டும் டாஃபிங் பையன்கள் ஏழெட்டுப் பேர் வண்டியைத் தள்ளிக்கொண்டு ஓடி வருவார்கள். அந்தச் சத்தத்தில் பேச்சு கேட்காது. கை ஜாடையிலேயே கிண்டல், வீட்டு விஷயம், வட்டிக் கணக்கு எல்லாம் நடக்கும். அந்த வேலையைத் தானே செய்யும் ஆட்டோ டாஃபர் மெஷின் வந்தது, அவர்கள் போய்விட்டார்கள். உங்கள் கட்டுரையில் அதற்குப் பெயர் நவீனமயம்.

இப்போது அதே வேலைக்கு என் மருமகள் போகிறாள். நூல் அறுந்தால் சிவப்பு விளக்கு எரிகிறதாம். ஓடிப் போய் ஒட்டினால் அடுத்த விளக்கு. ஒட்டுவது இன்னமும் கைதான். மெஷின்தான் ஆயிரம் ஸ்பிண்டிலுக்கு மேல் நீண்டுவிட்டது. பாத்ரூம் போய் வந்தால் திரையில் எஃபிஷியன்சி இறங்கி நிற்கும். பக்கத்து சைடில் ஒடிசாப் பெண். அவளுக்குத் தமிழ் வராது, இவளுக்கு இந்தி வராது. ஆறு மாதமாகப் பெயர் மட்டும் தெரியும்.

2023 ஏப்ரலில் 12 மணி நேர வேலைக்கு இடம் தரும் சட்டத்திருத்தம் சட்டசபையில் நிறைவேறியபோதும் தாங்கள் அதை 'நெகிழ்வு' என்றுதான் எழுதினீர்கள். மே தினத்தன்று வாபஸ் என்று அறிவித்த செய்தி உள்பக்க மூலையில் வந்தது. கோவை அருகே, தொழிற்சங்கப் போராட்டத்தில் இறங்கிய சின்னியம்பாளையத்து மில் தொழிலாளர்கள் நால்வர் தூக்கிலேறிய நாள் 1946 ஜனவரி 8. வருடா வருடம் நினைவூட்டிக் கடிதம் போடுகிறேன். தங்கள் அலுவலகக் குப்பைக்கூடை பெரியது போலிருக்கிறது.

சரி, அதெல்லாம் இருக்கட்டும். கட்டுரைப் படத்துக்குக் கீழே 'தறியில் பெண் தொழிலாளி' என்று போட்டிருக்கிறீர்கள். அது தறி இல்லை, நூல் நூற்கும் ரிங் ஃபிரேம். நூற்பதும் நெய்வதும் வேறு என்பது தங்களுக்குத் தெரியாததல்ல. அடுத்த வாரம் ஒரு வரியில் திருத்தம் போட்டால் போதும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற சைடர்,
சிங்காநல்லூர், கோவை